குண்டு விழுந்த தூரம்

கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் பேருந்தில் ஏறி உட்கார்ந்தால், ஓ.டி. தாண்டிய கொஞ்ச நேரத்தில் யாராவது ஒருத்தர் சொல்வார்: “ஜன்னல சாத்துப்பா.” ஏன் என்று யாரும் கேட்பதில்லை. வரிசையாகச் சாத்துவார்கள். புதிதாக அந்த வழியில் வருகிறவர் மட்டும் மூக்கைச் சுளித்துக்கொண்டு சுற்றிப் பார்ப்பார். பக்கத்து சீட்டுக்காரர் ஒரே வார்த்தையில் விளக்கிவிடுவார்: “சிப்காட்.”

சில கிலோமீட்டர் போனதும் ஜன்னல்கள் மறுபடி திறக்கும். வயல், உப்பங்கழி, சவுக்குத் தோப்பு, பிறகு கோபுரம். பேருந்தில் போகிறவருக்கு ஜன்னலைச் சாத்தினால் முடிந்தது. குடிகாட்டிலும் ஈச்சங்காட்டிலும் குடியிருக்கிறவர்கள் எதைச் சாத்துவது?

அதே பேருந்தில் ஒருவர் பக்கத்து சீட்டுக்காரரின் சட்டைப்பையில் கைவிட்டு ஐந்நூறு ரூபாயை உருவினார் என்று வைத்துக்கொள்ளுங்கள். வண்டி நிற்கும், நாலு அடி விழும், நேராகக் காவல் நிலையத்துக்கு விடுவார்கள். அது குற்றம். அதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் ஒரு ஊரின் காற்றையே எடுத்துக்கொண்டவர்களைப் பற்றிப் பேசும்போது நமக்கு வாயில் வருகிற சொல் ‘குற்றம்’ இல்லை. ‘பிரச்சினை’ என்கிறோம். ‘மாசு’ என்கிறோம். ரொம்பக் கோபம் வந்தால் ‘விதிமீறல்’ என்கிறோம்.

இந்தச் சொல் வித்தியாசம் எங்கிருந்து வந்தது? இதைக் கேட்டுத்தான் குற்றவியலில் ஒரு தனி மரபே உருவானது. 1973-இல் இயன் டெய்லர், பால் வால்ட்டன், ஜாக் யங் என்ற மூன்று பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் ‘புதிய குற்றவியல்’ என்றொரு புத்தகம் எழுதினார்கள். குற்றவாளியின் மண்டைக்குள்ளும் ரத்தத்துக்குள்ளும் காரணம் தேடுவதை விட்டுவிட்டு, ஒரு செயலைக் குற்றம் என்று அறிவிக்கும் அதிகாரம் யார் கையில் இருக்கிறது என்று பார்க்கச் சொன்னார்கள். அவர்கள் இங்கிலாந்தை மனதில் வைத்து எழுதினார்கள். நமக்கு அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. கடலூர், சிதம்பரம் வட்டாரத்தின் முந்நூறு ஆண்டுக் கதையே போதும்.

*

1690. தேவனாம்பட்டினத்துக் கடற்கரையில் மராத்தியர் வசம் ஒரு கோட்டை இருந்தது. செஞ்சியிலிருந்து ஆண்ட மராத்திய அரசிடம் காசு கொடுத்துக் கிழக்கிந்தியக் கம்பெனி அதை வாங்கியது. அப்போது சென்னையில் கவர்னர் எலிஹு யேல். இன்று அமெரிக்காவில் ஒரு பல்கலைக்கழகத்துக்குப் பெயராக இருக்கும் அதே யேல்தான். கோட்டைக்கு ஆங்கிலேயர் புனித டேவிட் கோட்டை என்று பெயர் வைத்தார்கள்.

கோட்டையோடு எவ்வளவு நிலம் சேரும்? ஒப்பந்தப்படி, கோட்டையிலிருந்து பீரங்கி சுட்டால் குண்டு எவ்வளவு தூரம் போய் விழுமோ அவ்வளவு. கம்பெனிக்காரர்கள் சும்மா இருப்பார்களா? நன்றாகச் சுடக்கூடிய பீரங்கியைச் சென்னையிலிருந்து வரவழைத்தார்கள். ஒவ்வொரு திசையிலும் சுட்டார்கள். குண்டு விழுந்த வட்டத்துக்குள் வந்த ஊர்களெல்லாம் கம்பெனியுடையவை. கடலூர்ப் பழைய நகரமும் அதில் அடக்கம். அந்த ஊர்களுக்குக் ‘குண்டு கிராமங்கள்’ என்ற பெயரே நிலைத்துவிட்டது.

காலையில் எழுந்து வயலுக்குப் போன ஒரு குடியானவர், சாயங்காலம் வேறொரு முதலாளியின் ஊரில் இருந்தார். அவரை யாரும் கேட்கவில்லை. இதை வரலாற்றுப் புத்தகங்கள் ‘கொள்முதல்’ என்றே எழுதுகின்றன. சட்டப்படி அது சரிதான். பத்திரம் இருக்கிறது, பணம் கைமாறியிருக்கிறது.

நான் இதை ஒரு சுவாரசியமான துணுக்காகச் சொல்ல வரவில்லை. பின்னால் வரப்போகிற எல்லாவற்றுக்கும் இது ஒரு அளவுகோல். சொத்து என்பது எங்கே தொடங்குகிறது என்பதை ஒரு பீரங்கி முடிவு செய்யலாம். முடிவு செய்த பிறகு, அந்த எல்லைக்குள் கைவைப்பவன் திருடன்.

*

இந்தக் கரையில் உப்பளங்கள் இருந்தன. கடற்கரை உப்பை மாட்டின் மேலும் கழுதையின் மேலும் ஏற்றி உள்நாட்டுக்குக் கொண்டுபோய், தானியத்துக்கு மாற்றித் திரும்பிவந்த நாடோடி வணிகர்களில் குறவர்கள் முக்கியமானவர்கள். வண்டித்தடம் இல்லாத ஊருக்கும் அவர்களால்தான் உப்புப் போனது. கூடை முடைவார்கள், காட்டிலிருந்து மூங்கிலும் மூலிகையும் எடுப்பார்கள். ஊருக்கு அவர்கள் தேவைப்பட்டார்கள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் அந்தப் பிழைப்பு ஒவ்வொரு பக்கமாக அறுந்தது. உப்பு அரசாங்கத்தின் கட்டுப்பாட்டுக்குள் போனது. 1870-களில் கடலூர் வழியாக ரயில் வந்தது. கழுதை சுமந்ததை ரயில் சுமந்தது. காட்டுச் சட்டங்கள் வந்து மூங்கிலை வெட்டுவதைத் தடுத்தன. 1876 முதல் 1878 வரை தாது வருஷப் பஞ்சம். மீனா ராதாகிருஷ்ணா என்ற வரலாற்றாசிரியர் சென்னை மாகாணக் குறவர்களைப் பற்றிய தம் ஆய்வில் இந்தக் கண்ணிகளை ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டியிருக்கிறார். வணிகம் போய்விட்டது, அலைவது மட்டும் மிஞ்சியது. ஓரிடத்தில் நிற்காமல் அலைகிற ஆள் என்றாலே அரசாங்கத்துக்குச் சந்தேகம்.

1871-இல் வட இந்தியாவில் குற்றப் பரம்பரைச் சட்டம் வந்தது. 1911-இன் புதிய சட்டத்தோடு அது சென்னை மாகாணத்துக்கும் வந்தது. ஒரு சாதியையோ குழுவையோ ‘குற்றப் பரம்பரை’ என்று அறிவித்துவிட்டால் போதும். அங்கே பிறந்தவர் பெயரைப் பதிய வேண்டும், கைரேகை கொடுக்க வேண்டும், சொன்ன நேரத்தில் போய் ஆஜர் சொல்ல வேண்டும், அனுமதியில்லாமல் ஊரைவிட்டு நகரக் கூடாது. நீ என்ன செய்தாய் என்று சட்டம் கேட்கவில்லை, நீ யாருக்குப் பிறந்தாய் என்று கேட்டது.

நம் பகுதியில் இதற்கான அடித்தளம் முன்பே போடப்பட்டிருந்தது. 1906-இல் டபிள்யூ. பிரான்சிஸ் தொகுத்த தென்னார்க்காடு மாவட்டக் கெசட்டியர், குற்றங்களைப் பற்றிப் பேசும் இடத்தில் குறவர்களையும் வேப்பூர்ப் பறையர்களையும் பெயர் சொல்லிக் குறிக்கிறது. மண்ணின் வகை, மழையின் அளவு மாதிரி குற்றமும் ஒரு சாதியின் இயல்பாக அச்சாகிவிட்டது. பிறகு பழைய தென்னார்க்காட்டிலேயே அஜீஸ் நகர் என்ற குடியிருப்பை அமைத்து, ‘திருத்துவதற்காக’ மக்களைக் கொண்டுபோய் வைத்தார்கள். ஆந்திரப் பகுதியில் இப்படி உருவான ஸ்டூவர்ட்புரத்தை நடத்தியது ரட்சணிய சேனை. திருத்தம் என்ற பெயரில் அங்கே கிடைத்தது, ஓடிப்போக முடியாத மலிவான கூலியாட்கள்.

கார்ல் மார்க்ஸ் 24 வயதில், 1842-இல், ரைன் பகுதிப் பத்திரிகை ஒன்றில் விறகுத் திருட்டைப் பற்றித் தொடர் கட்டுரை எழுதினார். காட்டில் உதிர்ந்து கிடக்கும் சுள்ளியைப் பொறுக்குவது ஏழைகளின் பழைய வழக்கம். புதுச் சட்டம் அதைத் திருட்டாக்கியது. நேற்று வரை விறகு பொறுக்கிய கிழவி இன்று கைதி. அவள் மாறவில்லை, சுள்ளியும் மாறவில்லை. தாது வருஷத்துக்கு முன்னும் பின்னும் குறவர்களுக்கு நடந்தது இதேதான். இன்னும் சொல்லப்போனால் ஒரு படி மேலே. அங்கே சுள்ளி பொறுக்கினால்தான் கைதி. இங்கே பிறந்தாலே போதும்.

*

சட்டம் மாறினால் குற்றம் எப்படித் தலைகீழாகும் என்பதற்குச் சிதம்பரத்தைவிட நல்ல இடம் கிடையாது. நந்தனார் கதையில் அவர் மேல் இருக்கிற ‘குற்றம்’ என்ன? உள்ளே போக நினைத்தது. அதற்குத் தீயில் இறங்க வேண்டியிருந்தது. அது புராணம், சரி. 1920-களில் திருச்சானூர்க் கோவிலுக்குள் நுழைந்த ஒரு தலித் பக்தரை நீதிமன்றம் தண்டித்தது. ராஜாஜி மேல்முறையீட்டில் வாதாடி அவரை மீட்டார். 1947-இல் சென்னை மாகாணத்தில் ஆலய நுழைவுச் சட்டம் வந்தது. அதுவரை நுழைவது தப்பு, அதற்குப் பிறகு நுழைய விடாமல் தடுப்பது தப்பு. வாசல் ஒன்றுதான், ஆளும் ஒன்றுதான். குற்றவாளி மட்டும் வாசலுக்கு இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கத்துக்குப் போய்விட்டார்.

அதே 1947-இல் சென்னை மாகாணம் குற்றப் பரம்பரைச் சட்டத்தையும் நீக்கியது. நாடு முழுக்க அது போனது 1952-இல். நல்ல செய்திதான். ஆனால் 1948-லேயே வழக்கமான குற்றவாளிகளைக் கட்டுப்படுத்தும் சட்டம் இங்கே வந்துவிட்டது. காகிதத்தில் ‘பரம்பரை’ போய் ‘வழக்கம்’ வந்தது. காவல் நிலையத்துப் பழைய பதிவேடு போகவில்லை. பதிவேடு போனாலும், பக்கத்து ஊரில் ஒரு வீட்டில் நகை காணாமல் போனால் முதலில் எந்தத் தெருவுக்கு ஜீப் போக வேண்டும் என்கிற ஞாபகம் போகவில்லை.

*

1992-இல் சிதம்பரம் அண்ணாமலை நகர் காவல் நிலையத்துக்கு விசாரணைக்கென்று கொண்டுபோகப்பட்ட ஒருவர் அங்கேயே இறந்தார். அவருடைய மனைவி காவலர்களால் வன்கொடுமைக்கு ஆளானார். மாதர் சங்கமும் இடதுசாரிகளும் தெருவில் இறங்கிய பிறகுதான் அது வழக்கானது.

அடுத்த வருஷம், 1993 மார்ச். கடலூர் மாவட்டம் இன்னும் பிறக்கவில்லை, அது தென்னார்க்காடு. விருத்தாசலம் பக்கத்து முதனை கிராமம். குறவர் என்று பெரும்பாலான பதிவுகள் குறிக்கும் சமூகத்தைச் சேர்ந்த ராஜாக்கண்ணுவும் பார்வதியும் நெல் அறுப்புக்குப் போன ஊரில், ஒரு வீட்டில் நகை திருடுபோனது. கம்மாபுரம் காவல் நிலையத்திலிருந்து தேடி வந்தார்கள். ராஜாக்கண்ணு இல்லை என்றதும் பார்வதியையும் குடும்பத்தாரையும் கொண்டுபோய் அடித்தார்கள். பிறகு ராஜாக்கண்ணு சிக்கினார். மார்ச் 22 அன்று தம் கணவரைக் காவல் நிலையத்தில் எந்த நிலையில் பார்த்தோம் என்பதைப் பார்வதி கடைசிவரை மாற்றாமல் சொன்னார். காவல் துறை சொன்னதோ ஒரே வரி: ஆள் தப்பி ஓடிவிட்டான்.

உடல் மாவட்ட எல்லை தாண்டி மீன்சுருட்டி அருகே, அடையாளம் தெரியாத பிணமாகக் கிடைத்திருந்தது.

2021 நவம்பரில் வந்த ‘ஜெய் பீம்’ படத்தால் இந்தக் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். படம் இருளர்களை வைத்து எடுக்கப்பட்டது, உண்மைச் சம்பவம் அது இல்லை என்பது அப்போதே பேசப்பட்டது. படம் முடிந்து நாம் கண்ணைத் துடைத்துக்கொண்டோம். கெட்ட போலீஸ், நல்ல வக்கீல். ஆனால் கெட்ட போலீஸ் என்று சொல்லி முடித்துக்கொள்ள முடியுமா? கம்மாபுரத்தில் அந்த நாளில் இருந்தவர்கள் அந்த ஜீப்பை ஓட்டினார்கள். ஆனால் ஜீப் எந்தத் தெருவுக்குப் போகும் என்பது 1911-லேயே முடிவாகியிருந்தது.

*

இதுவரை சொன்னதை வைத்து ஒரு முடிவுக்கு வருவது சுலபம். சட்டம் என்பதே பணக்காரனின் தடி, அதில் ஏழைக்கு ஒன்றுமில்லை. எழுபதுகளின் தீவிரக் குற்றவியலில் இந்தக் குரல் பலமாகவே கேட்டது. கல்லூரியில் இதைப் படிக்கும்போது ஒரு போதை இருக்கும். எல்லாம் விளங்கிவிட்டது மாதிரி இருக்கும்.

இரண்டு இடத்தில் இந்த முடிவு இடறுகிறது.

முதலாவது, திருட்டு ஏழையையும் தாக்குகிறது. பணக்காரர் வீட்டில் நகை போனால் இன்சூரன்ஸ் இருக்கலாம், லாக்கரில் வேறு இருக்கும். கூலி வேலைக்குப் போகிறவர் வீட்டில் ஆடு போனால் அந்த வருஷம் முழுக்கப் போச்சு. ‘புதிய குற்றவியல்’ எழுதிய ஜாக் யங்கே பத்தாண்டு கழித்து, 1984-இல், ஜான் லீயோடு சேர்ந்து இதை எழுதினார்: குற்றத்தைக் கற்பனை என்று ஒதுக்கினால், குற்றத்தால் அதிகம் அடிபடுகிற உழைக்கும் மக்களையே கைவிடுகிறோம். தம் பழைய கட்சியை எதிர்த்து அவர் எழுதியது அது.

இரண்டாவது இடம் பார்வதி. அவர் கையில் என்ன இருந்தது? பணம் இல்லை, சாதிபலம் இல்லை. இயக்கத் தோழர்கள் துணைக்கு வந்தார்கள், அப்போது வழக்கறிஞராக இருந்த கே. சந்துரு காசு வாங்காமல் வந்தார். அவர்கள் எடுத்த ஆயுதம் ஆட்கொணர்வு மனு. ‘நீ பிடித்துப்போன ஆளைக் கொண்டுவந்து என் முன்னால் நிறுத்து’ என்று அரசாங்கத்தை நீதிமன்றம் கேட்க வைக்கும் மனு. இங்கிலாந்தின் மன்னர்களுக்கும் பிரபுக்களுக்கும் இடையே வளர்ந்த ஒரு சட்ட வழி, முதனையைச் சேர்ந்த ஒரு அறுப்புக் கூலிப் பெண்ணின் கையில் வந்து சேர்ந்தது. ‘தப்பி ஓடிவிட்டான்’ என்ற ஒரு வரி, அந்தக் கேள்வியின் முன்னால் மெல்ல மெல்ல உடைந்தது. உயர் நீதிமன்றம் இழப்பீடு தரச் சொன்னது, தனி விசாரணைக்கு உத்தரவிட்டது. 2006-இல், 13 ஆண்டுகள் கழித்து, அது காவல் கொலைதான் என்பது தீர்ப்பாக நின்றது. காவலர்கள் தண்டனை பெற்றார்கள்.

பிரிட்டிஷ் வரலாற்றாசிரியர் ஈ.பி. தாம்சன் 1975-இல் ஒரு புத்தகம் எழுதினார். 1723-இல் இங்கிலாந்தில் வந்த ‘கறுப்புச் சட்டம்’ பற்றியது. மான் வேட்டையாடியதற்கும் மரம் வெட்டியதற்கும்கூடத் தூக்கு. சொத்துக்காரர்கள் தங்களுக்காகவே எழுதிக்கொண்ட சட்டம் என்று பக்கம் பக்கமாக நிரூபித்துவிட்டு, கடைசியில் அவர் எல்லோரையும் திகைக்க வைத்தார். சட்டத்தின் ஆட்சி என்பது மனிதகுலத்துக்குக் கிடைத்த ஒரு நன்மை என்றார். காரணம் எளியது. நியாயமாக இருப்பதுபோல் காட்டிக்கொள்ள வேண்டிய கட்டாயம் சட்டத்துக்கு உண்டு. அப்படிக் காட்டிக்கொள்ள, எப்போதாவது நியாயமாக இருந்துதான் ஆக வேண்டும். இடதுசாரி நண்பர்கள் பலர் அவரைத் திட்டினார்கள். கம்மாபுரம் வழக்கை வைத்துப் பார்த்தால் தாம்சன் பக்கம்தான் நிற்கத் தோன்றுகிறது.

*

அப்படியானால், சட்டத்தை நம்பலாம் என்று முடித்துக்கொள்ளலாமா? பேருந்து இன்னும் சிப்காட்டைத் தாண்டவில்லை.

எண்பதுகளில் உப்பனாற்றங்கரையில் இந்தத் தொழிற்பேட்டை வந்தது. மருந்து, சாயம், பூச்சிக்கொல்லி ஆலைகள். சுற்றியுள்ள ஊர்க்காரர்கள் வருஷக்கணக்காக நாற்றத்தைப் பற்றிப் புகார் சொன்னார்கள். ‘நாற்றம்’ என்பது புகாராக எடுபடவில்லை. 2004-இல் ஊர்க்காரர்களே பயிற்சி எடுத்துக்கொண்டார்கள். எந்த நாளில், எந்த நேரத்தில், என்ன வாடை என்று நோட்டில் எழுதினார்கள். அழுகிய முட்டை வாடை என்றால் ஹைட்ரஜன் சல்ஃபைடாக இருக்கலாம். அழுகிய முட்டைக்கோஸ் என்றால் மெர்கேப்டன். ஒரு பிளாஸ்டிக் வாளிக்குள் பை பொருத்திக் காற்றைப் பிடித்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். 20-க்கும் மேற்பட்ட நச்சு வேதிப்பொருட்கள் அதில் இருந்தன. சில புற்றுநோய் உண்டாக்குபவை. 2007-இல் நீரி என்ற மத்திய அரசு ஆய்வு நிறுவனம், இந்தப் பகுதி மக்களுக்கு வாழ்நாளில் புற்றுநோய் வரும் அபாயம் 2000 மடங்கு அதிகம் என்று கணக்கிட்டது.

1939-இல் எட்வின் சதர்லாந்து என்ற அமெரிக்கச் சமூகவியலாளர் சக அறிஞர்களின் கூட்டத்தில் ‘வெள்ளைக் காலர் குற்றம்’ என்ற சொல்லை முன்வைத்தார். சிறையில் இருப்பவர்களை மட்டும் எண்ணிவிட்டு, வறுமைதான் குற்றத்துக்குக் காரணம் என்கிறீர்களே, சிறைக்கே வராத பெரிய கம்பெனிகளின் குற்றத்தை யார் எண்ணுவது என்று கேட்டார். இன்றும் நம் எண்ணிக்கை அப்படியேதான். இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் மூன்று பங்கினர் இன்னும் குற்றம் நிரூபிக்கப்படாத விசாரணைக் கைதிகள். ஜாமீனுக்கு ஆள் இல்லாததாலேயே உள்ளே கிடப்பவர்கள் அவர்களில் நிறைய. கேப்பர் மலையில் இருக்கும் கடலூர் மத்திய சிறைக்குள் போனாலும் ஆலை முதலாளிகளைத் தேடிக் கண்டுபிடிப்பது கஷ்டம்.

காற்று மாசுத் தடுப்புச் சட்டம் 1981-லிருந்து இருக்கிறது. அதில் சிறைத் தண்டனையும் இருந்தது. 2023-இல் நாடாளுமன்றம் ஜன் விஸ்வாஸ் சட்டத்தை நிறைவேற்றியது. தொழில் செய்வதை எளிதாக்க, பல சட்டங்களில் இருந்த குற்றப் பிரிவுகளைத் தளர்த்தும் திருத்தம் அது. காற்றுச் சட்டத்திலும் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டத்திலும் முக்கிய மீறல்களுக்கு இருந்த சிறை போய், 10,000 ரூபாய் முதல் 15 லட்சம் ரூபாய் வரை அபராதம் வந்தது. ஒரு வீட்டுக்குள் புகுந்து திருடினால் 7 ஆண்டு வரை சிறை. அது அப்படியே இருக்கிறது.

1911-இல் ஒரு சட்டம் பிறப்பைக் குற்றத்துக்குள் கொண்டுவந்தது. 2023-இல் ஒரு சட்டம் விஷக்காற்றைக் குற்றத்துக்கு வெளியே கொண்டுபோனது. இரண்டும் முறைப்படி நிறைவேறியவைதான். 1690-இன் பத்திரம் மாதிரி.

பார்வதிக்குச் சட்டத்தில் ஒரு பிடி கிடைத்தது. ஏனென்றால் ஒரு உடல் இருந்தது, ஒரு தேதி இருந்தது, கைநீட்டிக் காட்ட ஆட்கள் இருந்தார்கள். ‘ஆளைக் கொண்டுவா’ என்று கேட்க முடிந்தது. ஈச்சங்காட்டில் ஒருவருக்கு நுரையீரல் கெட்டுப்போனால் எந்த ஆலை, எந்த இரவு, எந்தப் புகை? அவர் எந்தக் காவல் நிலையத்தில் போய் யார் பெயரைச் சொல்வார்? மெதுவாக, பலர் சேர்ந்து, கையெழுத்துப் போட்டு, லாபத்தோடு செய்யப்படுகிற தீங்குக்கு நம் சட்டத்தில் இன்னும் சரியான பெயர் இல்லை. அதனால்தான் இன்றைய ஆய்வாளர்களில் சிலர் ‘குற்றம்’ என்ற சொல்லையே தள்ளிவைத்துவிட்டு ‘சமூகத் தீங்கு’ என்பதை எண்ணத் தொடங்கியிருக்கிறார்கள். எனக்கு அதில் பாதிதான் சம்மதம். ‘குற்றம்’ என்ற சொல்லில் ஒரு சூடு இருக்கிறது. ராஜாக்கண்ணுவைத் தேடி ஜீப்பை அனுப்பிய சூடு அது. பார்வதியின் வழக்கில் காவலர்களைக் கூண்டில் ஏற்றிய சூடும் அதுவே. அதை எளியவர்களுக்கு எதிராக மட்டும் விட்டுவைப்பானேன்? அந்தச் சொல்லைப் பிடுங்கி, அது போகாத இடத்துக்கெல்லாம் கொண்டுபோக வேண்டும் என்றுதான் தோன்றுகிறது.

வாளியில் காற்றைப் பிடித்த குடிகாட்டுக்காரர்கள் செய்தது அந்த வேலையைத்தான். உடல் இல்லாத குற்றத்துக்கு ஒரு தடயத்தை உண்டாக்கினார்கள். தேதி, நேரம், வாடை. ஒரு நோட்டுப் புத்தகம். கெசட்டியர் அவர்களைப் பற்றி எழுதியது ஒரு காலம். ஆலைகளைப் பற்றி அவர்கள் எழுதிவைத்தது இந்தக் காலம்.

அடுத்த முறை அந்த வழியாகப் போகும்போது “ஜன்னல சாத்துப்பா” என்று யாராவது சொன்னால் சாத்துங்கள், வேறு வழியில்லை. சாத்துவதற்கு முன்னால் மணி என்ன என்று மட்டும் ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.